50 லட்சம் கடன் வாங்கினால் கடைசியில் எவ்வளவு கட்டுகிறோம்?

கேள்வி இதுதான்: "50 லட்சம் வீட்டுக் கடன், 9 சதவீத வட்டி, 20 வருடம். மாதத் தவணை 45,000-க்குள் வருகிறது. சம்பளத்தில் தாங்கும். அப்படியானால் இந்தக் கடன் எனக்குக் கட்டுப்படியாகும் என்று எடுத்துக்கொள்ளலாமா? வாங்கியதுபோல் இரண்டு மடங்கு கட்ட வேண்டிவரும் என்று நண்பர் ஒருவர் சொல்கிறார். அது உண்மையா?"

நண்பர் சொன்ன எண் சரிதான். ஆனால் அந்த எண்ணும் முழு உண்மை இல்லை, தவணைத் தொகையும் முழு உண்மை இல்லை. பல வருடம் கடன் பிரிவில் வேலை பார்த்தவன் நான். என் முன்னால் உட்கார்ந்து கையெழுத்துப் போட்டவர்களில் பெரும்பாலானோர் கேட்ட ஒரே கேள்வி "மாசம் எவ்வளவு வரும்?" என்பதுதான். கேட்டிருக்க வேண்டியது "எந்தத் தேதியில் முடியும், அதுவரை என் தலையில் எவ்வளவு நிலுவை இருக்கும்?" என்பது. வீட்டுக் கடனின் செலவு முழுவதும் அந்தக் கேள்விக்குள்தான் இருக்கிறது. அதனால் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

முதலில் உங்கள் கணக்கு. எந்த நாட்டு நாணயமாக இருந்தாலும் இந்தக் கணக்கு மாறாது. 50 லட்சம், 9 சதவீதம், 240 மாதம் என்றால் மாதத் தவணை 44,986. 20 வருடத்தில் மொத்தம் கட்டுவது ஏறக்குறைய 1 கோடியே 8 லட்சம். அசல் போக வட்டி மட்டும் சுமார் 58 லட்சம்.

இதில் முதல் மாதத்தைப் பாருங்கள். 50 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 37,500. நீங்கள் கட்டும் 44,986-இல் அது போக மீதி 7,486 மட்டும்தான் அசலைக் குறைக்கிறது. அடுத்த மாதம் அந்த 7,486 குறைந்த நிலுவைக்கு வட்டி. அதனால் வட்டி 56 குறையும், அசலுக்குப் போவது 56 கூடும். இப்படியே நகரும். "வங்கி முதலில் வட்டியை எல்லாம் எடுத்துக்கொண்டு பிறகுதான் அசலைக் கழிக்கிறது" என்று பலர் கோபமாகச் சொல்வார்கள். அது சரியில்லை. ஒவ்வொரு மாதமும் அன்றைக்கு இருக்கும் நிலுவைக்கு மட்டும்தான் வட்டி போடப்படுகிறது. ஆரம்பத்தில் நிலுவை மலை போல இருப்பதால் வட்டியும் மலை போல இருக்கிறது. இந்த வித்தியாசத்தைப் புரிந்துகொள்வது அவசியம். நிலுவைதான் காரணம் என்றால், நிலுவையைக் குறைக்கும் வழி நம் கையில் இருக்கிறது என்று அர்த்தம்.

ஐந்து வருடம் ஒரு தவணைகூடத் தவறாமல் கட்டினால் உங்கள் கையை விட்டுப் போயிருப்பது சுமார் 27 லட்சம். கடனில் குறைந்திருப்பது 5 லட்சத்து 65 ஆயிரம். பத்து வருடம் முடிந்து, பாதித் தூரம் வந்துவிட்டோம் என்று நினைக்கும்போது நிலுவை இன்னும் 35 லட்சத்து 50 ஆயிரத்துக்கு மேல் இருக்கும். தவணையில் வட்டிப் பங்கைவிட அசல் பங்கு அதிகமாவதே 13-ஆவது வருடத்தில்தான். கடன் பாதியாகி 25 லட்சத்துக்கு வருவதற்கு 14 வருடம் ஆகும். மீதிப் பாதி ஆறே வருடத்தில் கரைந்துவிடும். வேலை மாறி வேறு ஊருக்குப் போக நேர்ந்து ஆறாவது வருடத்தில் வீட்டை விற்பவர்கள் "இத்தனை கட்டியும் இவ்வளவு பாக்கியா?" என்று அதிர்ந்து போவது இதனால்தான். கணக்கில் தவறு எதுவும் இருக்காது. அவர்கள் வட்டி கனத்த பகுதியை மட்டும் கட்டிவிட்டு வெளியேறுகிறார்கள், அவ்வளவுதான்.

சரி, கால அளவுக்கு வருவோம். அதே 50 லட்சம், அதே 9 சதவீதம். 15 வருடத்துக்கு எடுத்தால் தவணை 50,713, மொத்த வட்டி 41 லட்சத்துச் சொச்சம். 20 வருடத்துக்கு 44,986, வட்டி 58 லட்சம். 30 வருடத்துக்கு 40,231, வட்டி கிட்டத்தட்ட 95 லட்சம். 20-லிருந்து 30-க்குப் போவதால் மாதம் மிச்சமாவது 4,755 மட்டும். அதற்குக் கூடுதலாகக் கொடுக்கும் வட்டி ஏறக்குறைய 37 லட்சம். காலத்தை நீட்ட நீட்டத் தவணை குறைவது மந்தமாகிக்கொண்டே போகும், வட்டியோ ஏறிக்கொண்டே போகும். 9 சதவீதத்தில் எத்தனை வருடம் நீட்டினாலும் தவணை 37,500-க்குக் கீழே வர முடியாது. அது வட்டிக்கே சரியாகிவிடும், அசல் அப்படியே நிற்கும்.

இப்போது மிக முக்கியமான இடத்துக்கு வருகிறேன்.

20 வருடமும் வட்டி 9-ஆகவே இருக்கும் என்று வைத்துத்தான் மேலே உள்ள கணக்கு எல்லாம். நடைமுறை அப்படி இல்லை. அமெரிக்காவில் 30 வருடத்துக்கும் ஒரே வட்டி என்று பூட்டிவைக்கும் கடன் சர்வசாதாரணம். பிரிட்டனில் பெரும்பாலும் 2 அல்லது 5 வருடம் நிலையாக இருந்துவிட்டுப் பிறகு மாறும். இந்தியாவில் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை ஆரம்பத்திலிருந்தே மாறும் வட்டிதான். எந்த ஊரில் இருந்தாலும், உங்கள் ஒப்பந்தத்தில் வட்டி மாறும் வகை என்று இருந்தால், வட்டி ஏறும்போது தவணை கூடுமா, காலம் நீளுமா என்ற ஒரு வரியைத் தேடிப் படியுங்கள். அந்த ஒரு வரி பல லட்சம் பெறும்.

எப்படி என்று பாருங்கள். கடன் வாங்கிய உடனே வட்டி 9-லிருந்து 10 ஆகிறது என்று வைத்துக்கொள்வோம். தவணையை உயர்த்தினால் 48,251 ஆகும். மாதம் 3,265 கூடுதல். வலிக்கும், ஆனால் 20 வருடத்தில் முடிந்துவிடும். தவணையை அப்படியே விட்டுக் காலத்தை நீட்டினால் 240 மாதம் 314 மாதமாகிறது. ஆறு வருடத்துக்கும் மேல் கூடுதல். முதல் வழியில் மொத்தம் கட்டுவது 1 கோடியே 16 லட்சம், இரண்டாவது வழியில் 1 கோடியே 41 லட்சம். வட்டி ஏறியது ஒரே ஒரு சதவீதம். இரண்டு வழிகளுக்கும் இடையிலுள்ள வித்தியாசம் 25 லட்சம்.

வட்டி 11 ஆனால்? ஒரு மாத வட்டியே 45,833. உங்கள் தவணை 44,986. வட்டிக்கே 847 போதவில்லை, அந்தக் குறையும் அசலில் ஏறும். மாதம் தவறாமல் கட்டிக்கொண்டே இருப்பீர்கள், கடன் வளர்ந்துகொண்டே இருக்கும். இது வெறும் கற்பனை இல்லை. கனடாவில் மத்திய வங்கியின் வட்டி 2022 தொடக்கத்தில் 0.25 சதவீதமாக இருந்தது, 2023 ஜூலையில் 5 சதவீதமானது. தவணை மாறாத, வட்டி மட்டும் மாறும் கடன் வைத்திருந்தவர்களில் பலருக்கு அங்கே இதேதான் நடந்தது.

என் சொந்தக் கடனிலும் இப்படி ஒன்று நடந்தது. வட்டி மூன்று முறை ஏறியது. ஒவ்வொரு முறையும் "உங்கள் வட்டி விகிதம் மாற்றப்பட்டுள்ளது" என்று ஒரு வரித் தகவல் வந்தது. தவணை மாறவில்லை என்பதால் நானும் நிம்மதியாக இருந்துவிட்டேன். கடன் கொடுத்த நிறுவனத்திடம் வேறு ஒரு வேலையாக ஸ்டேட்மென்ட் கேட்டபோதுதான் முடியும் தேதி ஐந்து வருடம் தள்ளிப்போயிருந்தது தெரிந்தது. இந்த வேலையிலேயே இருந்தவனுக்கு இப்படி என்றால் மற்றவர்கள் நிலையை நினைத்துப் பாருங்கள். அன்றிலிருந்து யார் கேட்டாலும் ஒன்று சொல்கிறேன்: வருடத்துக்கு ஒரு முறை ஸ்டேட்மென்ட் வாங்கி, நிலுவை எவ்வளவு, கடைசித் தவணைத் தேதி என்ன என்ற இரண்டை மட்டும் ஒரு நோட்டில் எழுதிவையுங்கள். தேதி நகர்ந்திருந்தால் அன்றைக்கே போய்த் தவணையை உயர்த்தச் சொல்லுங்கள்.

இதே பொறி இன்னொரு வேடத்திலும் வரும். பத்து வருடம் கட்டிய பிறகு, "எங்களிடம் கடனை மாற்றிக்கொள்ளுங்கள், எட்டரை சதவீதம்தான்" என்று வேறொரு நிறுவனம் அழைக்கும். நிலுவை 35.5 லட்சம். புதிதாக 20 வருடம் என்று போட்டுக் கொடுப்பார்கள், தவணை 30,819-க்கு இறங்கும். மாதம் 14,000 மிச்சம் என்று சந்தோஷமாக இருக்கும். ஆனால் பழைய கடனையே தொடர்ந்திருந்தால் மீதிப் பத்து வருடத்தில் 54 லட்சம் கட்டி முடித்திருப்பீர்கள். புதியதில் 74 லட்சம். வட்டி குறைந்தும் 20 லட்சம் கூடுதல். ஏனென்றால் பத்து வருடம் கட்டிக் கடந்து வந்த தூரத்தை மறுபடியும் நடக்கிறீர்கள். மாற்றவே கூடாது என்று சொல்ல வரவில்லை. மாற்றிவிட்டுப் பழைய 44,986-ஐயே தொடர்ந்து கட்டினால் 120 மாதத்துக்குப் பதில் 116 மாதத்தில் முடியும், ஒன்றே முக்கால் லட்சம் போல மிச்சமாகும். அதிலும் மாற்றுவதற்கான கட்டணங்களைக் கழித்துப் பாருங்கள். கடைசி வருடங்களில் மாற்றுவதால் பெரிதாக எதுவும் மிஞ்சாது. முதல் நாலைந்து வருடத்துக்குள், காலத்தை நீட்டாமல் மாற்றினால் நல்ல பலன் உண்டு.

அப்புறம், முன்கூட்டிக் கட்டுவது. இதைப் பற்றிப் பேசாமல் இந்தப் பதில் முழுமையாகாது. ஒரு வருடம் முடிந்ததும் கையில் 5 லட்சம் இருக்கிறது, அதைக் கடனில் போடுகிறீர்கள், தவணையை மாற்றவில்லை என்று வைத்துக்கொள்வோம். கடன் 50 மாதம் முன்னதாக முடியும், மிச்சமாகும் வட்டி 17 லட்சத்து 70 ஆயிரம். அதே 5 லட்சத்தை 15-ஆவது வருட முடிவில் போட்டால் மிச்சமாவது 2 லட்சத்து 40 ஆயிரம்தான். தொகை ஒன்றுதான். போட்ட நேரம்தான் வேறு. முதலில் போட்ட 5 லட்சம், கடன் முடியும்வரை ஏறக்குறைய 15 வருடம் உங்களுக்காக வட்டியைத் தடுத்துக்கொண்டிருந்தது, பிந்திப் போட்டது ஐந்து வருடத்துக்கும் குறைவாகத்தான் தடுத்தது.

இங்கே ஒரு எச்சரிக்கை. மொத்தமாகப் பணம் கட்டப் போனால் "தவணையைக் குறைக்கட்டுமா, காலத்தைக் குறைக்கட்டுமா?" என்று கேட்பார்கள். சில இடங்களில் கேட்காமலே தவணையைக் குறைத்துவிடுவார்கள். முதல் வருட முடிவில் போட்ட அதே 5 லட்சத்துக்குத் தவணையைக் குறைத்தால் 44,986 என்பது 40,402 ஆகும், ஆனால் மிச்சமாகும் வட்டி ஐந்தரை லட்சத்தோடு நின்றுவிடும். 17.7 எங்கே, 5.5 எங்கே. மாதாந்திர நெருக்கடி இருந்தால் தவணையைக் குறைப்பது தப்பே இல்லை. நெருக்கடி இல்லை என்றால் காலத்தைக் குறைக்கச் சொல்லி எழுத்தில் கொடுங்கள்.

பெரிய தொகை இல்லை என்றாலும் வழி உண்டு. முதல் மாதத்திலிருந்தே 5,000 சேர்த்துக் கட்டினால் 20 வருடக் கடன் பதினைந்தரை வருடத்தில் முடிகிறது, வட்டியில் 15 லட்சம் மிச்சம். முன்கூட்டிக் கட்டுவதற்கு அபராதக் கட்டணம் உண்டா என்பதை மட்டும் முதலிலேயே கேட்டுக்கொள்ளுங்கள். நிலையான வட்டிக் கடன்களில் அது இருக்க வாய்ப்பு அதிகம்.

ஆனால் இருக்கும் சேமிப்பையெல்லாம் கடனில் கொண்டுபோய்க் கொட்டாதீர்கள். வேலை போனாலோ உடம்புக்கு வந்தாலோ, நீங்கள் அதிகமாகக் கட்டிய பணத்தை யாரும் அடுத்த நாளே திருப்பித் தரமாட்டார்கள். குறைந்தது ஆறு மாதச் செலவும் தவணையும் கையில் இருக்கட்டும். கிரெடிட் கார்டு பாக்கி, தனிநபர் கடன் போன்ற அதிக வட்டிக் கடன் இருந்தால் அதுதான் முதலில் தீர வேண்டும். அதற்கப்புறம் மிஞ்சுவதை முதலீடு செய்வதா, கடனில் போடுவதா என்றால், கடனில் போடும் ஒவ்வொரு ரூபாயும் 9 சதவீதம் நிச்சயமாகச் சம்பாதிக்கிறது என்று நினைத்துக்கொண்டு ஒப்பிடுங்கள். வரி போக, இடர் போக 9-க்கு மேல் தரும் என்று உறுதியாக நம்பும் முதலீடு உங்களிடம் இருக்கிறதா? வீட்டுக் கடன் வட்டிக்கு வரிச் சலுகை கிடைக்கும் இடத்தில் இருந்தால் 9-ஐக் கொஞ்சம் குறைத்துக்கொண்டு ஒப்பிட வேண்டும். அந்தச் சலுகைக்காகவே கடனை வைத்திருப்பவர்களைப் பார்த்திருக்கிறேன். சலுகை என்பது கொடுத்த வட்டியில் ஒரு பகுதி திரும்பி வருவது மட்டும்தான். மீதி போனது போனதுதான்.

இப்போது உங்கள் நண்பர் சொன்னதற்கு வருகிறேன். "இரண்டு மடங்கு" என்பது ஏன் முழு உண்மை இல்லை? இன்றைய 44,986-ம் இருபதாவது வருடத்து 44,986-ம் ஒன்றல்ல. விலைவாசி வருடம் 5 சதவீதம் ஏறினால், கடைசித் தவணையின் மதிப்பு இன்றைய பணத்தில் 17,000 மட்டும்தான். எல்லாத் தவணைகளையும் இப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து கூட்டினால் சுமார் 69 லட்சம் வருகிறது. ஆக, 50 லட்சத்துக்கு நீங்கள் கொடுக்கும் உண்மையான விலை, வாங்கும் சக்தியில் பார்த்தால், 58 லட்சம் இல்லை. 19 லட்சத்துக்குப் பக்கத்தில். இதை நான் மனதாரச் சொல்கிறேன், ஏனென்றால் மொத்த எண்ணைப் பார்த்துப் பயந்து, சொந்த வீடு தேவையாக இருந்தும் தள்ளிப்போட்டே காலம் கழித்தவர்களும் உண்டு. ஆனால் இந்த ஆறுதலுக்கு ஒரு நிபந்தனை இருக்கிறது: விலைவாசியோடு உங்கள் வருமானமும் ஏற வேண்டும். விலைவாசி ஏறி வருமானம் ஏறாதவருக்குத் தவணை லேசாவதில்லை. அதோடு, விலைவாசி வேகமாக ஏறும் காலத்தில்தான் மத்திய வங்கிகள் வட்டியையும் ஏற்றும். மாறும் வட்டிக்காரர்களுக்கு ஒரு கையில் கிடைப்பது மறு கையில் போகும்.

வட்டிக்கு வெளியே உள்ள செலவுகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். செயலாக்கக் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், சட்ட ஆய்வுக் கட்டணம், பதிவுச் செலவு ஆகியவை முதல் நாளே போகும். அதனால் விளம்பர வட்டியை மட்டும் வைத்து இரண்டு கடன்களை ஒப்பிடக் கூடாது. கட்டணங்களையும் சேர்த்த ஆண்டு வட்டி எவ்வளவு என்று கேளுங்கள். அமெரிக்காவில் 1968-லேயே இதற்காகச் சட்டம் போட்டுக் கட்டணமும் சேர்த்த விகிதத்தைக் காட்டச் சொன்னார்கள். கடனோடு காப்பீடு ஒன்றையும் சேர்த்து, "பிரீமியத்தையும் கடனிலேயே போட்டுவிடலாம்" என்பார்கள். 1 லட்சம் பிரீமியம் அப்படிச் சேர்ந்தால் 20 வருடத்தில் 2 லட்சத்து 16 ஆயிரமாகக் கட்டுவீர்கள். காப்பீடு தேவைதான், தனியாக விலை விசாரித்து வாங்குங்கள். யாராவது "ஃபிளாட் வட்டி" என்று சொன்னால் உஷாராகுங்கள். அதில் அசல் குறைந்தாலும் வட்டி முழுத் தொகைக்கே போடப்படும். ஃபிளாட் 9 சதவீதம் என்பது 20 வருடக் கடனில், குறையும் நிலுவைக் கணக்கில் ஏறக்குறைய 13 சதவீதத்துக்குச் சமம். பிறகு சொத்து வரி, பராமரிப்பு, பழுது. இவை கடன் முடிந்த பிறகும் தொடரும், ஆனால் தவணை தாங்குமா என்று பார்க்கும்போது இவற்றையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும்.

ஆகவே உங்கள் கேள்விக்கு நேரடியாக: 44,986 தாங்குகிறது என்பதால் மட்டும் கையெழுத்துப் போடாதீர்கள். வட்டி இரண்டு சதவீதம் ஏறினால் இதே கடனுக்கு 20 வருடத் தவணை 51,600 வரும். அதையும் கட்டிவிட்டு வீட்டுச் செலவு நடக்குமா என்று பாருங்கள். நடக்கும் என்றால் தாராளமாக வாங்கலாம். இப்போதைக்கு வட்டி 9-இல் இருக்கும்வரை அந்த இடைவெளியில் 5,000-ஐ மாதாமாதம் சேர்த்தே கட்டுங்கள். நடக்காது என்றால் காலத்தை நீட்டுவதைவிடக் கடன் தொகையைக் குறைப்பதுதான் நல்லது. இன்னும் ஒரு வருடம் சேமித்து 45 லட்சமாக வாங்கினாலும் நிலைமை நிறைய மாறும். கையெழுத்துப் போடும் முன் 240 மாதத்துக்குமான தவணை அட்டவணையைக் கேட்டு வாங்குங்கள். ஒவ்வொரு மாதமும் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு, நிலுவை எவ்வளவு என்று அதில் இருக்கும். தராவிட்டால் எக்செல்லில் பத்து நிமிடத்தில் நீங்களே போட்டுவிடலாம்: நிலுவையை மாத வட்டியால் பெருக்கி, அதைத் தவணையில் கழித்து, மீதியை நிலுவையில் கழிக்க வேண்டும், அவ்வளவுதான்.

கடைசித் தவணை கட்டிய அன்றும் வேலை முடிந்துவிடாது. பாக்கி இல்லை என்ற சான்றிதழ், அடமானமாக வைத்த அசல் பத்திரங்கள் எல்லாம் பட்டியலோடு சரிபார்த்துத் திரும்ப வர வேண்டும். சொத்துப் பதிவேட்டில் அடமானம் பதிவாகியிருந்தால் அதை நீக்கிய பதிவும் ஏற வேண்டும். இதை மறந்துவிட்டு, பல வருடம் கழித்து வீட்டை விற்கப் போகும்போது ஆவணத்துக்காக அலைந்தவர்கள் என்னிடமே வந்திருக்கிறார்கள்.